கேரன் கார்பென்டர் என்ற டிரம்மர்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கார்பென்டர்ஸ் பாடல்களைப் பல வருஷமாகக் கேட்பவர்களிலேயே பலருக்கு, அந்தக் குரலின் சொந்தக்காரர் டிரம்ஸ் வாசிப்பவர் என்பது தெரியாது. தெரிந்தவர்களிடமிருந்தும் அதே சந்தேகங்கள்தான் திரும்பத் திரும்ப வருகின்றன. கேட்டவர்களின் வார்த்தையிலேயே அவற்றை இங்கே தொகுத்திருக்கிறோம். எளியவை முதலில், சிக்கலானவை போகப்போக.

கேரன் கார்பென்டர் பாடகிதானே? டிரம்மர்னு ஏன் சொல்றீங்க?

அவர் தன்னைப் பற்றி அப்படித்தான் சொல்லிக்கொண்டார்: பாடவும் செய்கிற டிரம்மர். 1950 மார்ச் 2 அன்று அமெரிக்காவில் கனெக்டிகட் மாநிலத்தின் நியூ ஹேவனில் பிறந்தார். 1963-ல் குடும்பம் கலிபோர்னியாவின் டௌனி நகரத்துக்குக் குடிபோனது. மூன்று வயது மூத்த அண்ணன் ரிச்சர்ட் பியானோ வாசிப்பவர், இசை அமைப்பவர். இந்த அண்ணன் தங்கை ஜோடிதான் 'கார்பென்டர்ஸ்'.

மேடையின் நடுவில் மைக்கைப் பிடித்து நின்று பாடியதெல்லாம் பின்னால் வந்தது. தொடக்க வருஷங்களில் கை இரண்டும் கால் இரண்டும் ஓடிக்கொண்டிருக்கும்போதே பாடினார். அவர் குரலைப் புரிந்துகொள்ளவும் டிரம்ஸிலிருந்துதான் தொடங்க வேண்டும் என்பது எங்கள் உறுதியான எண்ணம். ஒரு சொல்லை அடியோடு சேர்த்துப் போடுவதா, ஒரு இழை தள்ளிப் போடுவதா என்று அவர் எடுக்கும் முடிவெல்லாம் தாளம் பிடித்துப் பழகியவரின் முடிவு.

டிரம்ஸ் பக்கம் எப்படி வந்தாங்க? வீட்டுல யாராவது வாசிப்பாங்களா?

இல்லை. டௌனி உயர்நிலைப் பள்ளியில் உடற்பயிற்சி வகுப்பிலிருந்து தப்பிக்க அணிவகுப்பு பேண்டில் சேர்ந்தார். அங்கே கையில் கொடுத்தது குளோக்கன்ஷ்பீல், அதாவது உலோகப் பட்டைகளைச் சுத்தியலால் தட்டும் கருவி. அது அவருக்குப் பிடிக்கவில்லை. அதே பேண்டில் டிரம் வாசித்த நண்பர் ஃபிராங்கி சாவேஸைப் பார்த்ததும், தனக்கு அதுதான் வேண்டும் என்று கேட்டு வாங்கிக்கொண்டார். பெண் பிள்ளைகள் டிரம் பக்கம் போவது அன்று வழக்கத்தில் இல்லை.

1964 கடைசியில் பெற்றோர் சுமார் 300 டாலருக்கு லுட்விக் டிரம் செட் வாங்கிக் கொடுத்தார்கள். லுட்விக்தான் வேண்டும் என்று கேரன் பிடிவாதமாக இருந்தார். அவருக்குப் பிடித்த டிரம்மர்கள் ஜோ மொரெல்லோவும் பீட்டில்ஸின் ரிங்கோ ஸ்டாரும் வாசித்தது அந்தக் கம்பெனி செட்டைத்தான். ஆரம்பப் பாடங்களைச் சாவேஸ் சொல்லிக் கொடுத்தார். பலவற்றை இசைத்தட்டுகளைக் கேட்டுக் கேட்டு அவரே பிடித்தார்.

சாப்ஸ்டிக் வச்சு ஸ்டூல்ல தட்டிப் பழகினாங்கன்னு சொல்றது உண்மையா? அதுல என்ன கத்துக்க முடியும்?

உண்மைதான். சொந்த செட் வருவதற்கு முன்னால், வீட்டிலிருந்த உயரமான பார் ஸ்டூல்களைச் சுற்றிலும் நிறுத்தி, சாப்ஸ்டிக் குச்சிகளால் இசைத்தட்டோடு சேர்ந்து தட்டினார்.

அதில் கற்கக்கூடியது கை வரிசை. எந்தக் கை எப்போது எங்கே போக வேண்டும், தொடைகளுக்கு நடுவில் நிற்கும் ஸ்னேர் டிரம்மிலிருந்து அதற்கு முன்னால் நிற்கும் டாம் டிரம்முக்கு எவ்வளவு தூரம், பாட்டு எத்தனை சுற்றுக்கு ஒருமுறை திரும்புகிறது என்பதெல்லாம் ஸ்டூலிலேயே வந்துவிடும். வராதது குச்சி துள்ளுவது. டிரம்மர்கள் சாதாரணமாகப் பிடிக்கும் 5ஏ அளவு ஸ்டிக் சுமார் 40 செ.மீ. நீளம், 14 மி.மீ. பருமன். சாப்ஸ்டிக் அதில் பாதி நீளத்தைவிடக் கொஞ்சம் கூடுதல், எடை மிகக் குறைவு. மெத்தை வைத்த ஸ்டூலில் அடித்தால் அது அங்கேயே அமர்ந்துவிடும், திரும்பி எழாது. ஒவ்வொரு அடிக்கும் மணிக்கட்டே தூக்க வேண்டும். அதனால் மணிக்கட்டு பலப்படும், விரல் பழகாது. நிஜ டிரம் தோலுக்கு வந்ததும் முதல் சில வாரங்களுக்குக் குச்சியை இறுக்கிப் பிடிக்கும் பழக்கம் ஒட்டிக்கொண்டிருக்கும். ஒற்றைக் கையால் மெதுவாக 'ஒரு அடி, ஒரு துள்ளல்' என்று ரப்பர் பேடில் தினமும் பத்து நிமிஷம் வாசித்தால் அது போய்விடும்.

'டேக் ஃபைவ்' வாசிச்சாங்கன்னு பெரிசா சொல்றாங்களே, அதுல என்ன கஷ்டம்?

டேவ் புரூபெக் குவார்ட்டெட் 1959-ல் வெளியிட்ட 'டைம் அவுட்' ஆல்பத்தில் வரும் பாட்டு அது. டிரம்ஸ் ஜோ மொரெல்லோ. ஒரு சுற்றுக்கு ஐந்து எண்ணிக்கை. மூன்றிலும் நான்கிலும் பழகிய கை, ஐந்து முடிந்ததும் தானாக ஆறாவதைப் போட்டுவிடும். ஒரு முறை போட்டால் போதும், பியானோ ஒரு பக்கம், டிரம்ஸ் ஒரு பக்கம்.

கர்நாடக இசையின் கண்ட சாபு தாளம் தெரிந்தவர்களுக்கு ஐந்து புதிதல்ல, ஆனால் பிரிப்பு தலைகீழ். கண்ட சாபு 2+3, 'தக தகிட'. டேக் ஃபைவ் 3+2, 'தகிட தக'. வாயால் இதைச் சொல்லிக்கொண்டே வலது கையைத் தாளம் ஓட்டும் பெரிய தட்டான ரைடு சிம்பலில் ஓட்டுங்கள். முதலில் நிமிஷத்துக்கு 90 அடி. அசல் வேகம் சுமார் 170, அங்கே போக அவசரப்பட வேண்டாம். செட் வாங்கிய ஒரு வருஷத்துக்குள் கேரன் இதை வாசித்தார். பள்ளி மாணவிக்கு, அதுவும் நிறையச் சுயமாகக் கற்றவருக்கு, இது சாதாரண வேகம் இல்லை.

அதே சமயத்தில் குச்சி பிடிக்கும் இரண்டு முறைகளையும் அவர் ஒப்பிட்டுப் படித்தார். இரண்டு கையும் ஒரே மாதிரி, உள்ளங்கை கீழே பார்க்கப் பிடிப்பது ஒன்று. இடது உள்ளங்கை மேலே பார்க்க, குச்சியைக் கட்டைவிரல் இடுக்கில் வைத்துப் பிடிப்பது மற்றது. இரண்டாவது அணிவகுப்பிலிருந்து வந்தது. தோளில் தொங்கும் டிரம் ஒரு பக்கம் சாய்ந்திருக்கும், அதற்கு ஏற்ற பிடி அது.

மேடை ஏறினது டிரம்மராவா, பாடகியாவா?

டிரம்மராகத்தான். பள்ளித் தோழிகளோடு 'டூ பிளஸ் டூ' என்று பெண்கள் மட்டுமே இருந்த குழு ஒன்று தொடங்கினார். அண்ணனையும் சேர்க்கலாம் என்று அவர் சொல்ல, குழு கலைந்தது. 1965-ல் ரிச்சர்ட் பியானோ, கேரன் டிரம்ஸ், வெஸ் ஜேக்கப்ஸ் டியூபாவும் (பெரிய ஊதுகருவி) பாஸும் (கீழ் ஸ்வர நரம்பு வாத்தியம்) என்று 'ரிச்சர்ட் கார்பென்டர் ட்ரையோ' உருவானது. ஜாஸ் மூவர் குழு, பாட்டுக்கு முக்கியத்துவம் இல்லை. ஜேக்கப்ஸ் பின்னாளில் டெட்ராய்ட் சிம்பொனி இசைக்குழுவில் டியூபா வாசித்தார்.

1966 ஜூன் 24 அன்று ஹாலிவுட் பௌலில் நடந்த 'பேட்டில் ஆஃப் த பேண்ட்ஸ்' போட்டியில் இந்த மூவர் ஜெயித்தார்கள். அன்று வாசித்தவை 'த கேர்ள் ஃப்ரம் இபனேமா', சொந்தப் பாட்டான 'ஐஸ்டு டீ'. கேரனுக்கு வயது 16.

பாட்டும் அதே வருஷம்தான் வெளியே தெரிந்தது. பாஸ் கிதார் கலைஞர் ஜோ ஆஸ்பார்ன் தன் வீட்டு கராஜில் வைத்திருந்த ஸ்டுடியோவில் கேரன் பாட, ஆஸ்பார்னின் 'மேஜிக் லேம்ப்' இசைத்தட்டு நிறுவனம் ஒரு சிங்கிள் (ஒரு பாட்டை முன்னிறுத்தி வரும் சிறு தட்டு) போட்டது. அச்சிட்டது 500 பிரதிதான். 1967-ல் பள்ளி முடித்து லாங் பீச் கல்லூரியில் இசை படிக்கப் போனார். பாடகர் குழு இயக்குநர் ஃபிராங்க் பூலர் கொடுத்த பயிற்சியில் குரல் மூன்று ஸ்தாயி வரை விரிந்தது.

முதல் ஆல்பத்துல டிரம்ஸ் அவங்கதானா?

ஆமாம், முழுக்க. 1969 ஏப்ரலில் ஹெர்ப் ஆல்பர்ட் அண்ணன் தங்கை இருவரையும் தன் ஏ அண்ட் எம் இசைத்தட்டு நிறுவனத்துக்கு எடுத்துக்கொண்டார். கேரனுக்கு 19 வயது, சட்டப்படி மைனர், அதனால் பெற்றோரும் கையெழுத்துப் போட்டார்கள். அந்த அக்டோபரில் 'ஆஃபரிங்' வந்தது. சரியாக விற்கவில்லை. பிறகு 'டிக்கெட் டு ரைடு' என்று பெயர் மாற்றி மறுபடி வெளியிட்டார்கள். பீட்டில்ஸ் பாட்டான 'டிக்கெட் டு ரைடு' சிங்கிளாக அமெரிக்கப் பட்டியலில் 54-வது இடம் வரை போனது. பலர் கவனிக்காத விஷயம் ஒன்று: ஆஸ்பார்ன் சொல்லிக் கொடுக்க, இதே ஆல்பத்தில் இரண்டு பாடல்களுக்கு பாஸ் கிதாரும் கேரனே வாசித்தார்.

'க்ளோஸ் டு யூ'ல டிரம்ஸ் வாசிச்சது அவங்க இல்லையாமே? அப்ப ஏமாத்து வேலையா?

வாசித்தது ஸ்டுடியோ பதிவுகளுக்கு வாசிக்கும் டிரம்மர் ஹால் பிளைன், அது சரி. 1970-ல் நான்கு வாரம் முதலிடத்தில் இருந்த அந்தப் பாட்டும், இரண்டாம் இடம் வரை போன 'வீ'வ் ஒன்லி ஜஸ்ட் பிகன்' பாட்டும் அவர் கைதான். ஏமாற்று இல்லை, ஆல்பத்தில் இரண்டு பேர் பெயரும் இருக்கிறது.

அந்தக் காலத்து லாஸ் ஏஞ்சலஸ் ஸ்டுடியோக்களில் வாடிக்கை அது. ஸ்டுடியோ நேரத்துக்கு மணிக்கணக்கில் காசு. தினம் இரண்டு மூன்று பதிவுக்குப் போய் வரும் பிளைன் போன்றவர்கள் டிரம் ஒலியை உடனே மைக்குக்கு ஏற்றபடி சரிசெய்து, ஓரிரு முறை வாசிப்பிலேயே பதிவை முடித்துக் கொடுப்பார்கள். பேர்ட்ஸ் குழுவின் 1965 ஹிட் 'மிஸ்டர் டாம்பரின் மேன்' பாட்டிலும் குழுவின் சொந்த டிரம்மர் இல்லை, பிளைன்தான். அந்த டிரம்மருக்கு வாசிக்கத் தெரியுமா என்று யாரும் கேட்பதில்லை. கேரனிடம் மட்டும் அந்தக் கேள்வி வருகிறது. அது நியாயமில்லை.

சரி, எந்தப் பாட்டைக் கேட்டா அவங்க கை தெரியும்?

1973-ல் வந்த 'நௌ அண்ட் தென்' ஆல்பத்தை எடுங்கள். 'ஜம்பலாயா' ஒன்றைத் தவிர எல்லா டிரம்ஸும் அவரே. அதாவது உலகம் முழுக்க ஓடிய 'யெஸ்டர்டே ஒன்ஸ் மோர்', 'சிங்', 'திஸ் மாஸ்கரேட்' மூன்றிலும் கேட்பது கேரனின் டிரம்ஸ். 'டிரம்ஸ் வேற ஆள்' என்று பொதுவாகச் சொல்பவர்கள் இந்த ஆல்பத்தை மறந்துவிடுகிறார்கள்.

கேட்கும் முறை இது. ஹெட்ஃபோனில் 'யெஸ்டர்டே ஒன்ஸ் மோர்' போட்டு, முதல் முறை குரலை மட்டும் கேளுங்கள். இரண்டாம் முறை குரலை விட்டுவிட்டு ஸ்னேர் விழும் இடத்தை மட்டும் விரலால் தட்டுங்கள். மூன்றாம் முறை இரண்டையும் சேர்த்து: வரி முடிந்து மூச்சு வாங்கும் இடைவெளியில் டிரம்ஸ் என்ன செய்கிறது, பல்லவிக்குள் நுழையும்போது எவ்வளவு ஏறுகிறது என்று பாருங்கள். வாசிப்பவருக்குப் பாட்டு மனப்பாடம் என்பது தெரியும். குரல் இருக்கும் இடத்தில் கை அடங்கியிருக்கும்.

ஜாஸ் பக்கம் வேண்டுமென்றால் 1970-ன் 'க்ளோஸ் டு யூ' ஆல்பத்தில் கடைசியாக வரும் 'அனதர் சாங்'. அதில் நீண்ட வாத்தியப் பகுதி இருக்கிறது. ட்ரையோ நாட்களின் கை அங்கே அப்படியே தெரியும்.

பாடிக்கிட்டே டிரம்ஸ் வாசிக்கிறது நிஜமாவே கஷ்டமா? பழகினா வந்துடாதா?

வரும். ஆனால் எங்கே உதைக்கும் என்று தெரிந்து பழக வேண்டும். முதல் சிக்கல், வாய் கையை இழுப்பது. பாட்டின் அசைகள் அடிக்கு நடுவில் விழும். கை அந்த அசைகளோடு போக ஆசைப்படும், ஹை-ஹேட் (காலால் மூடித் திறக்கும் ஜோடித் தட்டு) தடுமாறும். இரண்டாவது மூச்சு. டாம்களில் வேகமாக அடுத்தடுத்து அடித்து உருட்டும்போது வயிறு இறுகும், அடுத்த வரிக்கு மூச்சு இருக்காது, அவசரத்தில் வேகம் ஏறிவிடும். மேடையில் பாட்டு ஓடிப்போவதற்குப் பெரும்பாலும் காரணம் இதுதான். மூன்றாவது உட்காரும் முறை. முன்னால் குனிந்தால் உதரவிதானம் மடங்கிவிடும், கீழ் ஸ்வரம் நிற்காது.

பழகும் வழி: பாட்டின் டிரம் பகுதியை யோசிக்காமல் வாசிக்கிற அளவுக்கு முதலில் கையில் ஏற்றுங்கள். கை இன்னும் யோசித்துக்கொண்டிருந்தால் வாயைத் திறக்க வேண்டாம். பிறகு மெட்ரோனோமை (வேகம் மாறாமல் டிக் டிக் என்று தட்டும் கருவி) நிமிஷத்துக்கு 60-ல் வைத்து, ராகம் இல்லாமல் வரிகளைப் பேசுங்கள். எந்தச் சொல் எந்த அடியில் விழுகிறது என்று தாளில் குறித்துக்கொள்ளுங்கள். முட்டிக்கொள்ளும் இடம் ஒன்றிரண்டுதான் இருக்கும். அந்த ஒரு சுற்றை மட்டும் இருபது தடவை. அடுத்து ஒரே ஸ்வரத்தில் முணுமுணுப்பு, அதன் பின் முழு ராகம். வேகத்தைத் தடவைக்கு 5 கூட்டுங்கள், அதற்கு மேல் வேண்டாம். மூச்சு வாங்கும் இடங்களையும் தாளிலேயே குறித்து, அங்கே உருட்டல் வைக்காதீர்கள்.

ஸ்டுடியோவில் இந்தப் பாடு இல்லை. டிரம்ஸ், பியானோ, பாஸ் முதலில் பதிவாகும், குரல் பிறகு தனியாக. கார்பென்டர்ஸின் கோரஸ் முழுக்க அண்ணன் தங்கை இரண்டு பேரின் குரலையே அடுக்கடுக்காக ஏற்றியது. மேடையில்தான் இரண்டும் ஒரே நேரத்தில் வேண்டும்.

மைக்கை எங்க வைக்கணும்? எங்க செட்டுல சிம்பல் சத்தம்தான் குரல் மைக்ல வருது.

குறுக்குக் கை உள்ள மைக் ஸ்டாண்டான பூம் ஸ்டாண்டை ஹை-ஹேட் பக்கம், இடது தோளுக்குச் சற்றுப் பின்னால் நிறுத்தி, கையை மேலாகக் கொண்டுவந்து வாய்க்கு முன்னால் இறக்குங்கள். முன்னாலிருந்து கொண்டுவந்தால் டாமுக்குப் போகும் குச்சி அதில் இடிக்கும். முன்னால் வரும் ஒலியையே அதிகம் பிடிக்கும் கார்டியாய்டு மைக்குக்குப் பின்பக்கம் காது மந்தம், அந்தப் பின்பக்கம் சிம்பலைப் பார்க்க வேண்டும். உதட்டுக்கும் மைக்குக்கும் 2 முதல் 3 செ.மீ. அதற்கு மேல் தள்ளினால் ஒலி அளவுகளைச் சரிசெய்யும் மிக்ஸர் கருவியில் குரலை ஏற்றுவீர்கள், கூடவே சிம்பலும் ஏறும். ஓங்கி அடிக்கும் தட்டான கிராஷ் சிம்பலை ஒரு சாண் தள்ளி வைத்தாலே பாதிப் பிரச்சினை தீரும்.

கேரன் மாதிரிக் கீழே பாடும் குரலுக்கு இன்னொரு எச்சரிக்கை. காலால் அடிக்கும் பாஸ் டிரம்மின் அதிர்வைக் குறைக்க மிக்ஸரில் கீழ் அதிர்வெண்ணை வெட்டுவார்கள். 100 ஹெர்ட்ஸில் வெட்டலாம். 150-க்கு மேலே வெட்டினால் குரலின் அடிப்பாகமே போய்விடும், ஒல்லியாகக் கேட்கும்.

அவங்க குரல் மட்டும் ஏன் அவ்வளவு ஆழமா, பக்கத்துல உக்காந்து பேசற மாதிரி இருக்கு?

கான்ட்ரால்டோ என்னும் பெண்களின் கீழ்க் குரல் அது. பல பாடகிகள் இறங்கத் தயங்கும் மந்திர ஸ்தாயியில் அவர் சௌகரியமாக உட்கார்ந்திருப்பார். ரிச்சர்ட் அதைத் தெரிந்துதான் பாட்டுகளுக்குச் சுருதி வைத்தார். அந்த ஸ்வரங்கள் சத்தமாக வராது, அதனால் மைக்குக்கு மிக அருகில் பாட வேண்டும். அருகில் போனால் கார்டியாய்டு மைக் கீழ் ஒலியைத் தானாகவே தூக்கிக் கொடுக்கும். நீங்கள் சொல்லும் 'பக்கத்தில்' என்ற உணர்வில் ஒரு பங்கு அதுதான். மறு பங்கு முதல் கேள்வியில் சொன்ன காலக் கணக்கு.

நல்லாத்தானே வாசிச்சாங்க, ஏன் டிரம்ஸை விட்டு முன்னாடி கொண்டுவந்து நிறுத்தினாங்க?

ஆள் தெரியவில்லை என்பதால். கேரன் உயரம் சுமார் 163 செ.மீ. 22 அங்குல பாஸ் டிரம் 56 செ.மீ., அதன் மேல் டாம் ஏறினால் 85, 90. சிம்பல்கள் ஒரு மீட்டருக்கு மேல். உட்கார்ந்தவரின் முகம் மட்டும்தான் அதற்கு மேலே எட்டும், அதையும் மைக் பாதி மறைக்கும். கீழே முன்வரிசையில் இருப்பவர் அண்ணாந்து பார்த்தால் அதுவும் தெரியாது. நிகழ்ச்சியில் கண் நிற்க ஓர் இடம் இல்லை என்று விமர்சகர்கள் எழுதினார்கள். ரிச்சர்டும் மேலாளர் ஷெர்வின் பாஷும் பேசிப் பேசி அவரைச் சம்மதிக்க வைத்தார்கள்.

அவருக்கு மனமில்லை. டிரம்ஸுக்குப் பின்னால் இருக்கும் பாதுகாப்பு முன்னால் வந்ததும் போய்விட்டது, தனியாக நின்று பாட ஆரம்பத்தில் திணறினார். முன்பு டிஸ்னியின் 'மிக்கி மௌஸ் கிளப்' குழந்தைக் கலைஞராக இருந்த கபி ஓ'பிரையன் பல வருஷம் அவர் இடத்தில் உட்கார்ந்தார்.

இதில் எங்கள் கருத்தை மறைக்கப் போவதில்லை. வேறு வழி இருந்தது. டிரம் மேடையை 60 செ.மீ. உயர்த்தி, செட்டைப் பக்கவாட்டில் திருப்பி, சிம்பல்களைத் தாழ்த்தியிருந்தால் முழு ஆளும் தெரிந்திருப்பார். பாடும் டிரம்மர்கள் பலர் இன்று அப்படித்தான் உட்காருகிறார்கள். உலகத்துக்கு ஒரு பெரிய பாடகி கிடைத்தார் என்பது உண்மை. அதற்காக ஒரு டிரம்மரை எழுப்பி நிறுத்தியிருக்க வேண்டியதில்லை.

1975-ல ஜான் பான்ஹமை முந்தி சிறந்த டிரம்மர்னு வந்தாங்களே, அதை எப்படி எடுத்துக்கறது? அவங்க ராக் டிரம்மரே இல்லையே?

அது 'பிளேபாய்' இதழ் வாசகர்களின் வாக்கெடுப்பு. சிறந்த ராக் டிரம்மர் இடத்தில் கேரன் வந்தார், லெட் செப்பலின் பான்ஹம் அவருக்குப் பின்னால். வாசகர் வாக்கு பிரபலத்தின் அளவு, திறமையின் தராசு அல்ல. முந்தைய பதிலில் சொன்ன மாற்றம் நடந்து, அவர் டிரம்ஸிலிருந்து விலகிக்கொண்டிருந்த நேரத்தில் அது வந்தது என்பதுதான் வருத்தம்.

பான்ஹம் 26 அங்குல பாஸ் டிரம்மோடு இடி மாதிரி வாசித்தவர். கேரன் ஜாஸிலிருந்து வந்து பாட்டுக்கு அளந்து வாசித்தவர். அந்த அர்த்தத்தில் அவரை ராக் டிரம்மர் என்று சொல்வது பொருந்தாது, பாப் இசையில் வாசித்த ஜாஸ் கை என்பதே சரி. ஆனால் 'மென்மையாக வாசிப்பவர், அதனால் சுமாரானவர்' என்று முடிவு கட்டினால் தவறு. சத்தமில்லாமல் வேகம் மாறாமல் வாசிப்பதுதான் கடினம். சத்தம் பிழையை மறைக்கும்.

அப்ப முதல் பெண் டிரம்மர் அவங்கதானா?

இல்லை. ஜாஸில் வயோலா ஸ்மித் 1930-களிலேயே வாசித்தார். ராக், பாப் பக்கம் 1964-ல் பிரிட்டனில் முதலிடம் பிடித்த 'ஹேவ் ஐ த ரைட்' பாட்டில் ஹனிகோம்ப்ஸ் குழுவின் டிரம்மர் ஹனி லான்ட்ரீ. 1965 முதல் வெல்வெட் அண்டர்கிரவுண்டில் மோ டக்கர். பாஸ் டிரம்மைப் படுக்க வைத்து, நின்றுகொண்டு, பஞ்சு மண்டை வைத்த குச்சிகளால் அடித்தவர். 'ஆஃப்டர் அவர்ஸ்' பாட்டைப் பாடியதும் அவர்தான். ஃபேனி குழுவில் ஆலிஸ் டி பூர், 1975-ல் தொடங்கிய ரன்அவேஸில் சாண்டி வெஸ்ட். கேரனின் தனி இடம் வேறு: உலகம் முழுக்க வானொலியில் ஒலித்த ஒரு முன்னணிக் குரல், டிரம்ஸுக்குப் பின்னாலிருந்து வந்தது. அந்த அளவில் அவருக்கு முன் ஒரு பெண்ணைக் காட்டுவது கடினம்.

எப்படி இறந்தாங்க? உடம்பைப் போட்டு வாசிச்சதாலயா?

டிரம்ஸுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. அனோரெக்சியா நெர்வோசா என்னும் நோய், உணவை மறுக்க வைக்கும் மனநோய். 1975-ல் உடல் நலிந்து வெளிநாட்டுச் சுற்றுப்பயணங்கள் ரத்தாயின. 1982-ல் நியூயார்க்கில் சிகிச்சை எடுத்தார். 1983 பிப்ரவரி 4 அன்று டௌனியில் இதயம் நின்று இறந்தார். வயது 32.

நீண்ட நாள் பட்டினியில் உடல் தன் தசையையே கரைக்கும், இதயமும் தசைதான். பொட்டாசியம் போன்ற உப்புகள் குறைந்தால் துடிப்பு தாறுமாறாகும். அன்று இந்த நோயின் பெயரே பலருக்குத் தெரியாது. அவர் இறந்த பிறகுதான் பத்திரிகைகள் பரவலாக எழுதின. 'ஒல்லியாக இருக்க ஆசைப்பட்டார்' என்று சுருக்கிச் சொல்வதைத் தயவுசெய்து விடுங்கள். இது விருப்பம் அல்ல, நோய். வீட்டில் யாருக்காவது இந்த அறிகுறி தெரிந்தால் சாப்பிடச் சொல்லி அதட்டாமல் மருத்துவரிடம் அழைத்துப் போங்கள்.

தனியா ஒரு ஆல்பம் போட்டாங்களாமே, அதுல டிரம்ஸ் வாசிச்சாங்களா?

1979, 80-ல் நியூயார்க்கில் ஃபில் ரமோன் தயாரிப்பில் பதிவானது. டிரம்ஸ் பில்லி ஜோயலின் டிரம்மர் லிபர்ட்டி டெவிட்டோ. ஆல்பத்தைக் கிடப்பில் போட்டார்கள், 1996-ல்தான் வெளியே வந்தது.

முன்னாடி வந்தப்புறம் டிரம்ஸைத் தொடவே இல்லையா? பாக்கணும்னா எதைப் பாக்கலாம்?

தொட்டார். 1976 முதல் நிகழ்ச்சிகளில் அவருக்கென்று டிரம்ஸ் பகுதி வைத்தார்கள். மேடையில் விதவிதமாக அடுக்கிய டிரம்களுக்கு இடையே நடந்து நடந்து வாசிப்பார். அந்த வருஷம் டிசம்பரில் ஒளிபரப்பான அவர்களின் முதல் தொலைக்காட்சிச் சிறப்பு நிகழ்ச்சியில் அது இருக்கிறது. லண்டன் பலேடியத்தில் பதிவான நேரடி ஆல்பத்தில் இசையமைப்பாளர் கெர்ஷ்வினின் பாடல்களைக் கோத்து வாசித்ததைக் கேட்கலாம்.

பாடிக்கொண்டே வாசிப்பதைப் பார்க்க 1971 பிபிசி நிகழ்ச்சிதான் சிறந்தது. குரலை விட்டுத் தோள்களைக் கவனியுங்கள், உருட்டல் வரும்போதும் அவை ஏறாது. மூச்சு தடைபடாததன் ரகசியம் அது. கடைசியாக, 1981-ல் வந்த 'மேட் இன் அமெரிக்கா' ஆல்பத்தில் 'வென் இட்ஸ் கான்' பாட்டுக்கு டிரம்மர் லாரி லண்டினோடு சேர்ந்து டிரம்ஸ் வாசித்தார். அவர் உயிரோடு இருக்கும்போது வந்த கடைசி ஆல்பம் அது.

என் பொண்ணுக்குப் பதினோரு வயசு. வீடியோவைப் பாத்துட்டு டிரம்ஸ்தான் வேணும்ங்கறா. எடுத்த எடுப்புல செட் வாங்கணுமா?

வேண்டாம். ஒரு ரப்பர் பேட், ஒரு ஜோடி 5ஏ ஸ்டிக், ஒரு மெட்ரோனோம், உயரம் மாற்றக்கூடிய ஒரு ஸ்டூல். கை சின்னதாக இருந்தால் 7ஏ ஸ்டிக், அது இன்னும் மெலிது. மூன்று மாதம் தினம் இருபது நிமிஷம் உட்கார்ந்தால் செட் வாங்கலாம். வாங்கும்போது 22 அங்குலத்துக்குப் போகாமல் 18 அல்லது 20 அங்குல பாஸ் டிரம் எடுங்கள். டாம் தாழ்வாக நிற்கும், தோளைத் தூக்க வேண்டியிருக்காது. ஸ்டூல் உயரம், தொடை முழங்காலை நோக்கிச் சற்றுச் சரியும்படி. பாதம் பாஸ் டிரம்மை அடிக்கும் பெடலில் முழுதாகப் படிய வேண்டும், நுனிக்கால் கூடாது.

பாடவும் ஆசைப்பட்டால் தடுக்காதீர்கள். ஆனால் மேலே சொன்னபடி, முதலில் கை, அப்புறம் பேச்சு, அப்புறம் முணுமுணுப்பு, கடைசியில்தான் பாட்டு. அதுவரை ஸ்டூலையும் குச்சியையும் பிடுங்காமல் இருந்தால் போதும்.